தண்டுவடம் பழுதுற்ற அங்கத்தினரும் சங்கங்களின் கடமையும்

கூட்டுறவுச் சங்கம் ஒன்றின் மூலதனம் யாது என்று வினவினால், பங்குத் தொகை, வைப்புத் தொகை, சேமநிதி என்று கணக்கேட்டைப் புரட்டி விடை கூறுவர். அவ்விடை சரியே. ஆயினும் எந்தக் கணக்கேட்டிலும் எழுதப்படாத மூலதனம் ஒன்று உண்டு. அதுவே அங்கத்தினரின் உடல் வலிமை. நெசவாளி தறியில் அமர்ந்து நாடாவை வீசுவதும், விவசாயி மண்வெட்டி பிடித்து வரப்புக் கட்டுவதும், மரமேறுவோர் தென்னை உச்சியில் நின்று குலை வெட்டுவதும் முதுகெலும்பின் துணைகொண்டே நடைபெறுகின்றன. அந்த முதுகெலும்பு ஒருநாள் முறிந்துபோனால், அவ்வங்கத்தினர் சங்கத்திற்கு யார்? சங்கம் அவருக்கு யார்? இவ்வினாவையே இக்கட்டுரையில் ஆராய விரும்புகிறோம்.

நெசவாளர் சங்கங்களை ஆய்வு செய்யும்பொழுது, இயங்கும் தறிகள் இத்தனை, இயங்காத தறிகள் இத்தனை என்னும் இரண்டு எண்கள் நம்முன் வைக்கப்படுகின்றன. இயங்காத தறி எதனால் இயங்கவில்லை என்னும் காரணத்தைப் பல பதிவேடுகளில் காணோம். கூலி போதாமல் வேறு தொழிலுக்குச் சென்றவரும், முதுமையால் ஓய்ந்தவரும், கூரை மாற்ற ஏறித் தவறி விழுந்து இடுப்பிற்குக் கீழே உணர்விழந்து கிடப்பவரும் அந்த ஒரே எண்ணுக்குள் அடங்கிவிடுகின்றனர். முதல் இருவர் வேறு. மூன்றாமவர் வேறு. அவர் உழைக்க மறுத்தவரல்லர். உழைப்பதற்குரிய வழி காட்டப்படாதவர்.

முறிவது எது?

முதுகெலும்பு என்பது ஒன்றன்மேல் ஒன்றாய் அடுக்கிய எலும்புக் கட்டைகளால் ஆகியது. அதன் நடுவேயுள்ள குழலில் தண்டுவடம் என்னும் நரம்புத் திரள் மூளையிலிருந்து இறங்கி வருகின்றது. எலும்பு முறிந்தால் கூடும். தண்டுவடம் நசுங்கினாலோ அறுந்தாலோ அதனைப் பழையபடி பொருத்தும் மருந்து இன்றுவரை இல்லை. அடிபட்ட இடத்திற்குக் கீழே அசைவும் உணர்வும் குன்றுகின்றன. சிறுநீரும் மலமும் கட்டுப்பாட்டை இழக்கின்றன. அடி கழுத்தில் பட்டால் கை கால் நான்கும் பாதிக்கப்படும். முதுகின் நடுப்பகுதியில் பட்டால் கைகள் தப்பும், கால்கள் பாதிக்கப்படும். இவ்வேறுபாட்டை நிர்வாகிகள் மனத்திற் கொள்ள வேண்டும். கை தப்பியவருடைய தொழில் முழுவதும் தப்பவில்லையாயினும், பெரும் பகுதியை மீட்க இயலும்.

நம் கிராமங்களில் இவ்விபத்து நேரும் வழிகளை எல்லோரும் அறிவோம். தென்னை, பனை, புளிய மரங்களிலிருந்து விழுதல், கைப்பிடிச் சுவரில்லாத கிணற்றில் விழுதல், தலைச்சுமையோடு சறுக்குதல், மோட்டார் சைக்கிள் விபத்து ஆகியவை முதன்மையானவை. விழுந்தவரைக் கண்டதும் நால்வர் ஓடிச் சென்று, தோளையும் காலையும் பற்றித் தூக்கி, ஆட்டோவில் மடக்கி உட்கார வைக்கின்றனர். அன்பினால் செய்யும் இக்காரியமே அரைகுறையாய் நசுங்கிய தண்டுவடத்தை முழுதும் கெடுத்துவிடக் கூடும். தலை, கழுத்து, முதுகு மூன்றும் ஒரே நேர்கோட்டில் இருக்குமாறு பலர் சேர்ந்து மரக்கட்டையைப் புரட்டுவதுபோல் ஒருமிக்கப் புரட்டிப் பலகையில் கிடத்த வேண்டும். 108 ஊர்தி வரும்வரை அசைக்காதிருத்தலே சிறந்தது. கால் மரத்துப்போயிருப்பவரைத் தடவி நீவிச் சரிசெய்ய முயல்வது பேராபத்து.

உயிர் காத்த முறை

முதல் உலகப் போரின் காலத்தில் தண்டுவடம் அடிபட்டவரிற் பெரும்பாலோர் நெடுநாள் பிழைத்ததில்லை. அவர்களைக் கொன்றது முறிவு அன்று; படுக்கைப் புண்ணும் சிறுநீர்த்தடத்தில் ஏற்பட்ட நோய்த்தொற்றுமே கொன்றன. ஜெர்மனியிலிருந்து அகதியாய் இங்கிலாந்து வந்த லுட்விக் குட்மன் என்னும் நரம்பியல் மருத்துவர் 1944-ஆம் ஆண்டில் ஸ்டோக் மாண்டவில் மருத்துவமனையில் இத்தகையோர்க்கெனத் தனிப் பிரிவொன்றைத் தொடங்கினார். இரண்டு மணிக்கொருமுறை, இரவிலும் பகலிலும், நோயாளியைப் புரட்டிப் படுக்கவைக்கச் செய்தார். விலையுயர்ந்த மருந்தைக் காட்டிலும் தவறாத ஒழுங்கே உயிர் காத்தது. புண் ஆறியவரைக் கட்டிலிலேயே விட்டுவிடவும் அவர் இசையவில்லை. மரவேலை, கடிகாரம் பழுதுபார்த்தல் முதலிய பட்டறைகளுக்கு அனுப்பினார். 1948-ஆம் ஆண்டு ஜூலை 29-ஆம் நாள், லண்டன் ஒலிம்பிக் தொடங்கிய அன்றே, சக்கர நாற்காலியில் அமர்ந்த 16 பேரைக் கொண்டு அம்பெய்யும் போட்டி நடத்தினார். பாராலிம்பிக் போட்டிகளுக்கு அதுவே வித்து.

இது வெளிநாட்டுக் கதை, நமக்கு எட்டாதது என்று கருதுவோர் வேலூரை நோக்குக. கிறிஸ்துவ மருத்துவக் கல்லூரியின் டாக்டர் மேரி வர்கீஸ் 1954-ஆம் ஆண்டு நேர்ந்த வாகன விபத்தில் இடுப்பிற்குக் கீழே செயலிழந்தார். பின்னர்ச் சக்கர நாற்காலியில் அமர்ந்தபடியே தொழுநோயாளரின் கைகளுக்கு அறுவைச் சிகிச்சை செய்தார். வெளிநாடு சென்று மறுவாழ்வு மருத்துவம் கற்றுத் திரும்பினார். அவர் முயற்சியால் 1966-ஆம் ஆண்டில் வேலூரையடுத்த பாகாயத்தில் மறுவாழ்வு நிலையம் திறக்கப்பட்டது. 1972-இல் அவருக்குப் பத்மஸ்ரீ விருது வழங்கப்பட்டது. தென்காசியை அடுத்த ஆய்க்குடியும் நோக்கத் தக்கது. 1975-ஆம் ஆண்டு கடற்படை அதிகாரிகளுக்கான தேர்வில் அடிபட்டுக் கழுத்திற்குக் கீழ் செயலிழந்த எஸ்.ராமகிருஷ்ணன், 1981-ஆம் ஆண்டு அங்கே அமர் சேவா சங்கத்தை நிறுவினார். கை கால் அசையாத ஒருவர் கிராமத்திலிருந்தவாறே ஒரு பெரும் ஸ்தாபனத்தைக் கட்டியெழுப்ப இயலுமெனில், கை நன்றாயுள்ள நம் அங்கத்தினர் ஒருவர் பாவு பிணைக்கவோ கணக்கெழுதவோ இயலாது என்று நாம் எவ்வாறு தீர்ப்புக் கூறுவது?

இரு சிகிச்சைகள்

இங்கு இரண்டு சிகிச்சைகளை வேறுபடுத்தி உணர்தல் வேண்டும். பிசியோதெரபி எனப்படும் இயன்முறைச் சிகிச்சை, உடம்பை வேலைக்கு ஆயத்தமாக்குகின்றது. செயலற்ற கால்களின் மூட்டுகள் இறுகிப் போகாதபடி நாள்தோறும் மடக்கி நீட்டுதல், தப்பிய தோள்களுக்கும் கைகளுக்கும் வலுவூட்டுதல், சாய்மானமின்றி உட்காரும் நிலையைப் பழக்குதல், கட்டிலிலிருந்து சக்கர நாற்காலிக்குத் தாமே மாறப் பயிற்றுதல் ஆகியவை இதில் அடங்கும். ஆக்குபேஷனல் தெரபி எனப்படும் தொழில்வழிச் சிகிச்சை, அவ்வுடம்பைக் கொண்டு அன்றாட வாழ்வையும் தொழிலையும் நடத்தக் கற்பிக்கின்றது. சட்டையணிவது, குளிப்பது, சமைப்பது, விரல் மடங்காத கையில் பட்டை மாட்டி அதில் கரண்டியைச் செருகி உண்பது, வீட்டுப் படியையும் தொழிற்கருவியையும் அம்மனிதருக்கேற்ப மாற்றுவது ஆகியவை இதன் பணிகள். முன்னது தசைக்குப் பயிற்சி. பின்னது வாழ்க்கைக்குப் பயிற்சி. முன்னதைக் கேள்விப்பட்டவர் பலர். பின்னதை அறிந்தோர் மிகச் சிலர்.

நெசவாளர் பெருமை கொள்ளத் தக்க செய்தி ஒன்றை இங்கே கூறுவோம். தொழில்வழிச் சிகிச்சைக்கென அமெரிக்காவில் 1917-ஆம் ஆண்டு சங்கம் அமைந்த காலத்தில், அச்சிகிச்சையின் முக்கியமான கருவிகளுள் ஒன்று கைத்தறி. போரில் காயமுற்றோரையும் மனம் சோர்ந்தோரையும் தறியில் அமர்த்தி நெய்யச் செய்தனர். நாடாவைத் தள்ளும் கை வலுப்பெறும். மிதியை அழுத்தும் கால் இயக்கம் பெறும். மாலையில் கையகலத் துணி வளர்ந்திருப்பதைக் காணும் கண்ணுக்கு நம்பிக்கை பிறக்கும். நம் நாட்டில் 1950-ஆம் ஆண்டு கமலா நிம்ப்கர் அம்மையார் பம்பாய்க் கே.இ.எம். மருத்துவமனையில் இக்கல்விக்குப் பள்ளி தொடங்கினார். அயலார் மருந்தாகக் கொண்ட கருவியை நாம் வீடுதோறும் வைத்திருக்கிறோம். அதன் அருகிலேயே ஒரு மனிதர் வேலையின்றிக் கிடப்பாராயின், குறை தறியினுடையதன்று.

மகாசபையில் எழுந்த ஒரு வினா

நாம் கண்ட ஒரு சங்கத்தின் நிகழ்ச்சியைக் கூறுதல் பொருந்தும். கூரையிலிருந்து விழுந்த நெசவாளி ஒருவர் பதினான்கு மாதம் படுக்கையிற் கிடந்தார். இருமுறை புண் வந்து ஆறியது. பதிவேட்டில் அவர் பெயருக்கு நேரே "தறி நிறுத்தம்" என்ற இரு சொற்கள் மட்டுமே இருந்தன. நெடுநாள் உற்பத்தி தராத அங்கத்தினர்களை நீக்கும் பொருள் மகாசபைக்கு வந்தபொழுது, அப்பட்டியலில் அவர் பெயரும் இருந்தது. பின்வரிசையிலிருந்து முதிய நெசவாளி ஒருவர் எழுந்தார். "பாவு பிணைக்க ஆள் கிடைக்கலைன்னு போன மாசம்தான் பேசினோம். அவனுக்குக் கை நல்லாத்தானே இருக்கு? அவன்கிட்ட யாராவது போய்க் கேட்டீங்களா?" என்றார். எவரும் விடை கூறவில்லை. பெயர் நீக்கப்படவில்லை. இரு டைரக்டர்கள் அவர் வீட்டிற்குச் சென்றனர். மறுவாழ்வு நிலையம் ஒன்றில் சில மாதம் பயிற்சி பெற்று அவர் திரும்பினார். இன்று சக்கர நாற்காலியில் அமர்ந்து அண்டை வீட்டுத் தறிகளுக்குப் பாவு பிணைத்துக் கூலி பெறுகின்றார். முன்பு நெய்து ஈட்டிய வருமானம் முழுவதும் வரவில்லை. ஆயினும் வீட்டில் அவர் சொல்லுக்கு மீண்டும் மதிப்பு வந்திருப்பதைக் கண்டோம்.

இத்தகையோர்க்கு எல்லா வேலையும் கூடும் என்று நாம் கூற வரவில்லை. குழித்தறியைக் காலால் மிதித்தே இயக்க வேண்டும். கால் செயலிழந்தவர் அதனைப் பழையபடி நெய்தல் அரிது. மோட்டார் கொண்டு ஜக்கார்டை உயர்த்தும் கருவி, கால் உழைப்பைக் குறைக்கும். ஆயினும் ஒருவர் தறியில் எவ்வளவு நேரம் நிலையாய் அமரலாம் என்பதைச் சிகிச்சையாளரே முடிவு செய்தல் வேண்டும். தார் சுற்றுதல், பாவு பிணைத்தல், விழுது கட்டுதல், ஜக்கார்டு அட்டை அடித்தல், கணினியில் டிசைன் வரைதல், துணி தரம் பார்த்தல், விற்பனை நிலையக் கணக்கு ஆகியவை உட்கார்ந்து செய்யத் தக்கவை. விவசாயச் சங்கங்களில் நாற்றங்கால் தட்டுகளில் விதையிடுதல், காளான் வளர்த்தல், விளைபொருளைத் தரம் பிரித்தல், எடைமேடைப் பதிவு, விதை உரக் கிடங்கின் கணக்கு ஆகியவற்றைச் செய்யலாம். மேசை உயரத்தையும் கதவின் அகலத்தையும் மாற்றிக் கொடுத்தால் போதும்.

உணர்வற்ற உடம்பு தன் வலியைச் சொல்லாது என்பதை இங்கே எச்சரிக்க வேண்டும். கட்டைப் பலகையில் மெத்தையின்றி ஒரு பகல் அமர்ந்தால் புண் உண்டாகும். அது ஆற மாதங்கள் செல்லும். கால் மணி அல்லது அரைமணிக்கொருமுறை கைகளை ஊன்றி உடம்பைத் தூக்கி அழுத்தத்தை மாற்றுதல் வேண்டும். மடியில் சூடான பாத்திரத்தை வைத்தலாகாது. அடுப்பருகிலும் சாயத் தொட்டியருகிலும் கால் படாமல் காத்தல் வேண்டும். மருத்துவர் கற்பித்தபடி, பெரும்பாலும் நான்கிலிருந்து ஆறு மணிக்கொருமுறை, சுத்தமான குழாயிட்டுச் சிறுநீரை வெளியேற்றினால் சிறுநீரகம் காக்கப்படும். கழுத்திலோ மேல்முதுகிலோ அடிபட்டவருக்குத் திடீரெனத் தலைவலி மண்டையைப் பிளந்து, முகம் வியர்த்தால், இரத்த அழுத்தம் அளவு கடந்து ஏறுகிறது என்பதற்கு அது அடையாளமாகலாம். உடனே நிமிர்த்தி உட்கார வைத்து, சிறுநீர் தடைப்பட்டுள்ளதா என்று பார்த்து, மருத்துவரிடம் கொண்டு செல்ல வேண்டும். இவற்றை வீட்டார் அனைவரும் அறிந்திருத்தல் நலம். பெரும்பாலும் மனைவியோ தாயோ தனியே தூக்கி இறக்கித் தம் முதுகையும் கெடுத்துக்கொள்கின்றனர். பலகை வைத்துச் சறுக்கி மாற்றும் முறையை அவர்க்கும் கற்பித்தால், ஒரு குடும்பத்தில் இரண்டு முதுகுகள் பிழைக்கும்.

நோகும் முதுகு

விழாத முதுகும் நோகும். குழித்தறியில் பகல் முழுவதும் முன்சாய்ந்து அமரும் நெசவாளர்க்கும், குனிந்து களையெடுக்கும் பெண்டிர்க்கும் இடுப்புவலி பழகிய துணை. அமரும் பலகையின் உயரத்தைச் சரிசெய்தல், நெய்த துணியைத் தானே சுருட்டும் கருவி அமைத்தல், மணிக்கொருமுறை எழுந்து நிமிர்தல், சிகிச்சையாளர் கற்பிக்கும் எளிய பயிற்சி ஆகியவற்றால் பெரும்பாலான வலி தணியும். பல நாள் படுத்தே கிடத்தல் இவ்வலிக்கு மருந்தன்று. ஆனால் கால் வலுவிழந்தாலும், அமரும் இடம் மரத்தாலும், சிறுநீர் போகாமல் தடைப்பட்டாலும் அன்றே மருத்துவமனை செல்ல வேண்டும். வலியோடு மாலைக் காய்ச்சலும் உடல் மெலிவும் இருப்பின், முதுகெலும்பைத் தாக்கும் காசநோயா என்று சோதிக்க வேண்டும். அது மருந்தால் குணமாகும் நோய். காலந்தாழ்த்தினால் தண்டுவடத்தையே கெடுக்கும்.

சட்டமும் சங்கமும்

2016-ஆம் ஆண்டின் மாற்றுத்திறனாளிகள் உரிமைச் சட்டம், அரசு ஊழியர் ஒருவர் பணியிலிருக்கையில் ஊனமுற்றால் அவரை வேலையிலிருந்து நீக்கலாகாது, பதவியைத் தாழ்த்தலும் ஆகாது என்று கூறுகின்றது. செய்துவந்த வேலை இயலாதெனில், அதே ஊதியத்தில் வேறு வேலைக்கு மாற்ற வேண்டும். 1995-ஆம் ஆண்டுச் சட்டமும் இவ்வாறே விதித்தது. அலுவலகத்தில் எழுதுபவர்க்குச் சட்டம் அளித்த இந்தக் காப்பு, கூலிக்கு நெய்யும் அங்கத்தினர்க்கும் சிறு விவசாயிக்கும் இல்லை. அவர்க்கு முதலாளி இல்லை, சங்கமே உள்ளது. சர்க்கார் சட்டத்தின் கட்டாயத்தால் செய்வதைச் சங்கம் தன் கொள்கையால் செய்தல் வேண்டும் என்பதே நம் கருத்து.

"சங்கம் வியாபார ஸ்தாபனம், ஆஸ்பத்திரி அன்று. தேங்கிய துணியும் வசூலாகாத கடனும் இருக்கையில் இதற்குப் பணம் ஏது?" என்று காரியதரிசிகள் கேட்பர். இக்கேள்வி நேர்மையானதே; பல சங்கங்களின் நிதிநிலையை நாம் அறிவோம். ஆயினும் சிகிச்சையைச் சங்கமே அளிக்க வேண்டும் என்று நாம் கூறவில்லை. அரசு மருத்துவமனைகள் உள்ளன. 2021-ஆம் ஆண்டு "மக்களைத் தேடி மருத்துவம்" தொடங்கப்பட்டபோது, வீட்டிற்கே வந்து இயன்முறைப் பயிற்சி அளிப்பதும் அதன் பணிகளில் ஒன்றாகச் சேர்க்கப்பட்டது. 2016-ஆம் ஆண்டு மத்திய அரசு தொடங்கிய "ஹத்கர்கா சம்வர்தன் சஹாயதா" திட்டத்தில், தறிக்கும் தறிக் கருவிகளுக்கும் ஆகும் விலையில் நூற்றுக்கு 90 பங்கை அரசு ஏற்பதென வகுக்கப்பட்டது. உதவிகள் ஓரிடத்தில் இருக்கின்றன. கிடப்பவர் வேறோரிடத்தில் இருக்கிறார். இரண்டையும் இணைக்க நடக்கக் கூடிய கால்கள் வேண்டும். அக்கால்களைச் சங்கம் தரட்டும். இதற்கு வேண்டுவது பணத்தினும் கவனமே. மேலும், படுக்கையிற் கிடப்பவருடைய கடன் எந்நாளும் வசூலாகாது. உழைப்பிற்குத் திரும்பியவருடைய கடன் தவணையிலேனும் வசூலாகும். வியாபார நோக்கில் பார்ப்பினும் இதுவே இலாபம்.

செய்யத் தக்கவை

முதலாவதாக, இயங்காத ஒவ்வொரு தறிக்கும், நெடுநாள் வரவுசெலவில்லாத ஒவ்வொரு கணக்கிற்கும் காரணம் எழுதப்படல் வேண்டும். காரணம் விபத்து அல்லது நோயெனில், ஒரு மாதத்திற்குள் டைரக்டர் ஒருவர் நேரில் சென்று பார்த்து வருதல் வேண்டும்.

இரண்டாவதாக, துணைவிதி இடந்தரும் அளவில், பொதுநல நிதியிலிருந்து மறுவாழ்வு நிலையம் செல்லும் வழிச்செலவையும் உடனிருப்பவர் உணவுச் செலவையும் அளித்தல் வேண்டும். சக்கர நாற்காலிக்குரிய நல்ல மெத்தையையும் வாங்கித் தரலாம். மாற்றுத்திறனாளி அடையாள அட்டைக்கும் உதவித் தொகைக்கும் உரிய மனுக்களைச் சங்கச் சிப்பந்தியே எழுதிக் கொடுக்கட்டும்.

மூன்றாவதாக, உற்பத்தி தரவில்லை என்னும் காரணத்தால் இத்தகையோர் பெயரை நீக்கும் பொருளை எச்சங்கமும் கொண்டுவரலாகாது. உட்கார்ந்து செய்யத் தக்க வேலைகளின் பட்டியலொன்றைத் தயாரித்து, அவ்வேலைகளில் இவர்க்கு முதலிடம் தருதல் வேண்டும். கடன் தவணையை விதிக்குட்பட்டு நீட்டித்தல் வேண்டும்.

நான்காவதாக, சங்கக் கட்டிடத்தின் வாசலில் சாய்தளமும், சக்கர நாற்காலி நுழையும் கழிவறையும் அமைத்தல் வேண்டும். மகாசபையை மாடியில் கூட்டுதலாகாது. வந்து அமர வழியில்லாத அங்கத்தினர்க்கு வாக்குரிமை இருந்தும் பயனில்லை.

ஐந்தாவதாக, வருமுன் காத்தல் வேண்டும். மரமேறுவோர்க்குப் பாதுகாப்புக் கச்சையும் ஏறுகருவியும் சங்கம் வாங்கி வாடகைக்கு அளிக்கலாம். தென்னை மரமேறுவோர்க்கெனத் தென்னை வளர்ச்சி வாரியம் வகுத்த விபத்துக் காப்பீட்டில் அவர்களைச் சேர்க்கலாம். கிணற்றுக் கைப்பிடிச் சுவரைக் கட்டவும் ஊரார்க்கு நினைவூட்டலாம்.

"ஒருவர் அனைவருக்காக, அனைவரும் ஒருவருக்காக" என்று நம் மேடைகளில் முழங்குகிறோம். இம்மொழியின் முற்பாதியை அங்கத்தினர் நாள்தோறும் நிறைவேற்றி வருகின்றனர். அவர் நெய்த துணியிலும் விளைவித்த பொருளிலும்தான் சங்கம் வளர்ந்தது. பிற்பாதியை நிறைவேற்றும் முறை சங்கத்தினுடையது. அடுத்த மகாசபையின் நிகழ்ச்சி நிரலில் இப்பொருளையும் ஒன்றாகச் சேர்த்து, தத்தம் சங்கத்தில் இவ்வாறு கிடப்போர் எத்தனை பேர், எத்தெருவில், எந்நாள் முதல் என்பதை நிர்வாகிகள் அவைமுன் வைக்குமாறு வேண்டிக்கொள்கிறோம். எண்ணிக்கை தெரிந்தால் கடமையும் தானே தெரியும்.